தமிழ் ஆட்பெயர்கள்: பொருளும் சான்றும்

தமிழ் ஆட்பெயர்களில் காலம் தெரிந்த மிகப் பழையவை பாறைகளிலும் பானையோடுகளிலும் கிடைக்கின்றன. மதுரைக்கு அருகிலுள்ள மாங்குளம் குன்றில் சமண முனிவர்களுக்கு வெட்டிக்கொடுத்த கற்படுக்கைகளையும் அங்குள்ள எழுத்துகளையும் 1882இல் ராபர்ட் சீவெல் கண்டறிந்தார். இந்தத் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுகளை ஐராவதம் மகாதேவன் கி.மு. 2ஆம் நூற்றாண்டில் வைக்கிறார். நெடுஞ்செழியன் என்ற பாண்டியனின் பெயர் அங்கே இருக்கிறது. அவனுடைய பணியாளன் கடலன் வழுதியின் பெயரும், படுக்கையைப் பெற்ற முனிவர் நந்தனின் பெயரும் அதே இடத்தில் உள்ளன. வழுதி என்பது பாண்டிய அரசர்களுக்குரிய பெயர். அரசனிடம் வேலை பார்த்தவனும் அதைத் தாங்கியிருக்கிறான். நந்தன் வடக்கிலிருந்து வந்த பெயர். கீழடி அகழாய்வு பற்றி தமிழ்நாடு தொல்லியல் துறை 2019இல் வெளியிட்ட அறிக்கையிலும் இதே கலப்பைக் காணலாம். அங்குள்ள பானையோடுகளில் ஆதன் என்ற பெயரும், குபேரன் என்ற வடசொல்லோடு தொடர்புடையதாகக் கருதப்படும் குவிரன் என்ற பெயரும் கீறப்பட்டுள்ளன. தமிழில் எழுதத் தொடங்கிய காலத்திலேயே இரு மரபுப் பெயர்களும் ஒரே ஊரில், ஒரே கூட்டத்தாரிடம் வழங்கின.

குழந்தைக்குப் பெயர் தேடுகிறவர்கள் கையாளும் பட்டியல்கள் இந்த வரலாற்றைப் பொருட்படுத்துவதில்லை. ஒவ்வொரு பெயருக்கும் எதிரே ஒரு மொழியையும் ஒற்றைச் சொல்லில் ஒரு பொருளையும் போட்டுவிடுகின்றன. அந்தப் பொருள் பெரும்பாலும் அகராதியிலிருந்து எடுத்ததாகவோ, ஓசையைக் கேட்டு ஊகித்ததாகவோ இருக்கிறது. ஒரு பெயர் எந்தக் காலத்தில், எந்த வட்டாரத்தில், யார் யாருக்கு வைக்கப்பட்டது என்பதைப் பார்க்காமல் அதன் பொருளை உறுதிசெய்ய முடியாது. ஆதன் என்ற பெயரே இதற்குச் சான்று. பிற்கால நூல்களிலும் அகராதிகளிலும் ஆதன் என்பதற்கு அறிவில்லாதவன், குருடன் என்ற பொருள்கள் உண்டு. அகராதியை மட்டும் நம்பினால் இது இழிபெயர். ஆனால் சேர அரசர்களில் நெடுஞ்சேரலாதன் இருக்கிறான், செல்வக் கடுங்கோ வாழியாதன் இருக்கிறான். எந்த அரச குடும்பமும் தலைமுறை தலைமுறையாகத் தன் பிள்ளைகளுக்கு அறிவிலி என்று பெயர் சூட்டியிருக்காது. சங்ககாலப் பெயரான ஆதன் வேறு, பிற்கால வசைச்சொல்லான ஆதன் வேறு என்றே கொள்ள வேண்டும். அரசர் முதல் பானைக்குச் சொந்தக்காரர் வரை வழங்கிய பெயர் என்பதைத்தான் சான்றுகள் காட்டுகின்றன.

இதே ஆதன் இன்னொரு பெயருக்குள் மறைந்திருக்கிறான். கோப்பெருஞ்சோழனின் நண்பரான பிசிராந்தையாரின் பெயரில் இரவுப் பறவை எதுவும் இல்லை. தொல்காப்பியம் எழுத்ததிகாரத்தில், புள்ளிமயங்கியலில், ஆட்பெயரோடு ‘தந்தை’ என்ற சொல் சேரும்போது ஏற்படும் மாற்றங்களுக்கு விதி சொல்லியிருக்கிறது. ஆதன் தந்தை ஆந்தை ஆகும், பூதன் தந்தை பூந்தை ஆகும். எயினந்தை, கீரந்தை, சாத்தந்தை ஆகியவையும் இந்த வகைதான். பிசிர் என்ற ஊரில் ஆதனுக்குத் தந்தையாக இருந்தவர் பிசிராந்தையார். பெற்ற பிள்ளையின் பெயரால் தந்தையை அழைக்கும் வழக்கம் இலக்கண நூல் விதி வகுக்கும் அளவுக்குப் பரவலாக இருந்திருக்கிறது. ஒலிகள் எப்படி மாறும் என்ற விதி தெரியாமல் போனால் ஒரு புலவரின் பெயர் பறவையின் பெயராகிவிடும்.

நக்கீரர், நச்செள்ளையார், நப்பூதனார், நத்தத்தனார், நப்பின்னை என்ற பெயர்களின் முதலெழுத்தும் இப்படித்தான். ‘ந’ சிறப்பைக் குறிக்கும் முன்னொட்டு. அதைப் பிரித்துவிட்டால் கீரன், செள்ளை, பூதன், தத்தன், பின்னை என்ற இயற்பெயர்கள் தனியே நிற்கும். சங்கப் புலவர்களில் இன்னொரு வகையினருக்கும் பெயர்ப் பட்டியல்களில் இடம் கிடைக்கிறது. செம்புலப்பெயனீரார், அணிலாடு முன்றிலார், தேய்புரிப் பழங்கயிற்றினார் போன்றவை பெற்றோர் வைத்தவை அல்ல. இயற்பெயர் தெரியாத புலவர்களை அவர்கள் பாட்டில் வரும் அழகிய தொடரால் தொகுப்பாளர்கள் அழைத்தார்கள். இவற்றிலிருந்து புதிய பெயர் ஆக்கிக்கொள்வது இனிய செயல்தான். ஆனால் அதைச் சங்ககால ஆட்பெயர் என்று சொல்வது பிழை.

பொருளை முடிவாகச் சொல்ல முடியாத பெயர்களும் உண்டு. எகிப்தின் செங்கடல் துறையான குசைர் அல்-கதீமில் கிடைத்த பானையோடுகளில் கணன், சாதன் என்ற பெயர்கள் தமிழ்ப் பிராமியில் உள்ளன. சாதன் என்பது சாத்தன்தான். சாத்து என்றால் வணிகக் கூட்டம். கடல் கடந்து போன வணிகனின் பானையில் இந்தப் பெயர் இருப்பதால் வணிகத் தொடர்பு பொருத்தமாகத் தோன்றுகிறது. ஐயனாருக்கும் சாத்தன் என்ற பெயர் உண்டு. அதை ‘சாஸ்தா’ என்ற வடசொல்லோடு இணைத்து, தெய்வப் பெயரே ஆட்பெயர் ஆயிற்று என்று கூறுவோரும் உளர். இரண்டில் ஒன்றைத் தேர்ந்து உறுதியான பொருளாக அச்சிடுவதைவிட இரண்டையும் குறிப்பிடுவதே நேர்மையானது.

சோழர் காலத்துக்கு வந்தால் ஆயிரக்கணக்கான பெயர்கள் கிடைக்கின்றன. நொபோரு கராஷிமா, எ. சுப்பராயலு, தோரு மட்சுயி ஆகிய மூவரும் சோழர் கல்வெட்டுகளில் வரும் ஆட்பெயர்களைத் தொகுத்து, அடைவாக்கி 1978இல் மதுரையிலிருந்து மூன்று தொகுதிகளாக வெளியிட்டார்கள். எந்தப் பெயர் எந்த ஊரில், எந்த ஆண்டில், என்ன பட்டத்தோடு வருகிறது என்பதைப் பார்க்க இதைவிடச் சிறந்த கருவி இல்லை. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு, முதலாம் இராசராசன் அங்கே குடியேற்றிய 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர்களைத் தனித்தனியே தருகிறது. நக்கன் சேரமங்கை, நக்கன் எடுத்தபாதம் என்று ஒவ்வொரு பெயருக்கும் முன்னால் நக்கன் நிற்கிறது. நக்கன் என்பது சிவனின் பெயர். அக்காலத்தில் தந்தை பெயர் நிற்க வேண்டிய இடத்தில் இறைவன் பெயர் நிற்பதால், இப்பெண்கள் சிவனின் மக்களாகக் கருதப்பட்டனர் என்று ஆய்வாளர் கொள்கின்றனர். எடுத்தபாதம் என்பது தில்லைக் கூத்தனின் தூக்கிய திருவடி. அந்தக் கூத்தைக் கண்ணால் கண்டு வழிபட்டவர்களுக்கே தோன்றும் பெயர் இது. இன்றைய பட்டியல் எதிலும் இத்தனை அழகான பெயர் காணக் கிடைப்பது அரிது.

அதே கோயிலைக் கட்டிய மன்னனின் இயற்பெயரைப் பற்றி ஓயாத விவாதம் நடக்கிறது. கல்வெட்டுகளில் அருமொழிதேவ வளநாடு என்ற நாட்டுப் பிரிவின் பெயர் வருகிறது. அதன்படி பெயர் அருமொழி, அரிய சொல் என்று பொருள். அருண்மொழி என்ற வடிவத்தைக் கொண்டால் அருள் + மொழி என்று பிரிந்து, ளகரம் ணகரமாகப் புணர்ந்திருக்கும். கல்கி 1950 முதல் 1954 வரை எழுதிய ‘பொன்னியின் செல்வன்’ தொடர்கதைக்குப் பின் அருள்மொழி என்ற வடிவமே வீடுகளில் பரவியது. அந்தக் கதை பெயர் வரலாற்றில் தனி அத்தியாயம். குந்தவையும் வந்தியத்தேவனும் உண்மையில் வாழ்ந்தவர்கள். இராசராசனின் தமக்கை குந்தவையை வல்லவரையர் வந்தியதேவரின் மாதேவியார் என்றே பெரிய கோயில் கல்வெட்டு குறிப்பிடுகிறது. நந்தினியும் பூங்குழலியும் கல்கியின் கற்பனைப் படைப்புகள். பெயர்ப் பட்டியலில் இந்த நால்வரையும் ‘சோழர் காலப் பெயர்’ என்று ஒரே தட்டில் வைப்பது வரலாற்றுக்குச் செய்யும் அநீதி. குந்தவை என்ற பெயர் இராசராசனின் தமக்கைக்கு முன்பே சோழர் அரண்மனையில் இருந்தது. அரிஞ்சயனின் தேவியருள் ஒருத்தி வீமன் குந்தவை. பெயரின் பின்பகுதி அவ்வை என்று இருக்கலாம். அன்னையைக் குறிக்கும் அந்தச் சொல் கன்னடத்திலும் பெண்பெயர்களின் ஈறாக வழங்கியது. மலர், மங்கை என்று கேட்பதற்கு இனிய விளக்கம் கொடுப்பதைவிட இந்தத் தடத்தில் தேடுவதே பயன் தரும்.

அரண்மனைக்கும் கோயிலுக்கும் வெளியே பெயர் வைக்கும் முறை வேறு. பெயரன் என்ற சொல்லே பேரன் ஆயிற்று, பெயர்த்தி பேத்தி ஆனாள். பாட்டன் பெயரைத் தாங்குகிறவன் என்பதே உறவுமுறைச் சொல்லாக நிலைத்திருக்கிறது. பாட்டன் பெயரை வைக்கும் குடும்பத்தில் அந்தப் பெயரின் சொற்பொருளை யாரும் கேட்பதில்லை. அதன் பொருள் பாட்டன்தான். முன்னே பிறந்த பிள்ளைகள் தங்காமல் இறந்துபோன வீட்டில் அடுத்த குழந்தையைக் குப்பையில் போட்டு எடுத்துக் குப்பன், குப்பம்மாள் என்று பெயரிட்டார்கள். பிச்சையாகக் கேட்டு வாங்கியதாகப் பாவித்துப் பிச்சை என்று வைத்தார்கள். மதிப்பில்லாத பெயரைத் தாங்கிய குழந்தையைக் காலன் தேடி வரமாட்டான் என்பது நம்பிக்கை. குப்பை என்று பொருள் எழுதினால் சொல்லளவில் அது சரி, பெயரளவில் முற்றிலும் தவறு. எப்படியாவது பிழைத்திரு என்பதே தாய் அந்தப் பெயரில் வைத்த பொருள். வேண்டாம், போதும்பொண்ணு ஆகிய பெயர்களுக்கு இந்த விலக்கு கிடையாது. அடுத்தடுத்துப் பெண் பிறந்த வீடுகளில், இனியாவது ஆண் பிறக்க வேண்டும் என்று வைத்தவை அவை. சொல் சொல்வதையே அவை சொல்கின்றன. அந்தப் பெயரோடு பள்ளிக்குப் போன பெண்கள் பட்ட வேதனையை எந்த விளக்கத்தாலும் மழுப்பக் கூடாது.

ஊரையும் கோயிலையும் தெரிந்துகொண்டால்தான் விளங்கும் பெயர்கள் ஏராளம். புதுமைப்பித்தனின் இயற்பெயர் விருத்தாசலம். வடமொழியில் விருத்தம் முதுமை, அசலம் மலை. கிழமலை என்று குழந்தைக்கு ஏன் பெயர் வைக்க வேண்டும்? தேவாரம் பாடிய தலமான திருமுதுகுன்றம் பின்னாளில் வடமொழியில் விருத்தாசலம் ஆயிற்று. அங்குள்ள இறைவனின் பெயர் அடியார் வீட்டுப் பிள்ளைக்கு வந்தது. ஆகவே பெயரின் வடிவம் வடமொழி, கருத்து தமிழ், காரணம் கோயில். ‘மூலம்: சமஸ்கிருதம்’ என்ற ஒற்றைக் குறிப்பில் இந்த மூன்றும் அடங்கா. திருநெல்வேலி, கன்னியாகுமரிப் பக்கம் மிகுதியாக வழங்கும் இசக்கி இன்னொரு வகை. யக்ஷி என்ற சொல் இயக்கி ஆகி, இயக்கி இசக்கி ஆனது. சிலப்பதிகாரத்தில் மதுரைக்கு வெளியே மாதரி வழிபடும் தெய்வமாக இயக்கி வருகிறாள். சமண சமயத்திலும் இயக்கியர் உண்டு. பெயர் எந்த வட்டாரத்தில் செறிந்திருக்கிறது என்பதே இங்கே அதன் பிறப்புச் சான்று.

கிறித்தவப் பெயர்களில் நடந்த வேலை வியப்பூட்டும். பழைய கத்தோலிக்க மிஷனரிகள் அயல்மொழிப் பெயர்களின் ஓசையை விட்டுப் பொருளை எடுத்துத் தமிழாக்கினார்கள். கிரேக்கத்தில் ஸ்தேபானோஸ் என்றால் மகுடம், ஆகவே ஸ்தேவான் முடியப்பர் ஆனார். லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர், ஆகவே பவுல் சின்னப்பர் ஆனார். எபிரேயத்தில் யோவான் என்பது கடவுளின் அருளைக் குறிக்கும், அவர் அருளப்பர். கிரேக்கப் பெயரான அந்திரேயா வீரத்தையும் ஆண்மையையும் காட்டும், அவர் பெலவேந்திரர். கடவுள் உதவினார் என்று பொருள்படும் லாசர் தேவசகாயம் ஆயிற்று. 1745இல் திருமுழுக்குப் பெற்று 2022இல் புனிதராக அறிவிக்கப்பட்ட குமரி மாவட்டத்து நீலகண்ட பிள்ளை ஏற்ற பெயர் அதுவே. இத்தாலியிலிருந்து வந்த பெஸ்கி, உறுதியைக் குறிக்கும் கொன்ஸ்தான்சோ என்ற தம் பெயரைத் தைரியநாதர் என்று மாற்றிக்கொண்டார். வீரமாமுனிவர் என்ற பெயர் அதற்குப் பின் வந்தது. சில பெயர்கள் மொழிபெயர்க்கப்படாமல் ஒலியோடு தங்கின. சந்தியாகு என்பதில் தமிழ்ச் சந்தியும் இல்லை, தியாகமும் இல்லை. புனித யாகப்பரைக் குறிக்கும் சாந்தியாகோ என்ற போர்த்துகீசியப் பெயர் அது. முடியப்பன், சின்னப்பன், அருளப்பன் என்ற பெயர்களைத் தமிழ் என்று மட்டும் எழுதினால் பாதி வரலாறு போய்விடும். அயல்மொழி என்று மட்டும் எழுதினால் மறுபாதி போய்விடும்.

தமிழ் முஸ்லிம்களின் அரபுப் பெயர்களைச் சரிபார்க்கத் தமிழ் எழுத்து போதாது. அரபியில் வெவ்வேறாக உள்ள தொண்டை ஒலிகள் தமிழில் ஒரே எழுத்தாகிவிடுகின்றன. அலீம் என்று எழுதினால் அய்ன் எழுத்தில் தொடங்கும் ‘நன்கறிந்தவன்’ என்ற சொல்லாகவும் இருக்கலாம், அலிஃபில் தொடங்கும் ‘வேதனை தருவது’ என்ற சொல்லாகவும் இருக்கலாம். பெயராக வைக்கப்படுவது முதலாவது. அரபு எழுத்தில் எழுதிப் பார்ப்பது ஒன்றே இதற்கு வழி. ரோமன் எழுத்திலும் இந்தத் தொல்லை உண்டு. நிலாவும் நீலாவும் அதில் ஒரே வடிவம் கொள்ளக்கூடும், ஒன்று திங்கள், மற்றது நீல நிறம்.

20ஆம் நூற்றாண்டில் பெயரின் மூலம் அரசியல் ஆயிற்று. சுவாமி வேதாசலம் 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கியபோது தம் பெயரைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்து மறைமலையடிகள் ஆனார். அவருக்கு முன்பே சூரியநாராயண சாஸ்திரியார் பரிதிமாற் கலைஞர் என்ற பெயரைப் புனைந்துகொண்டார். பின்னர் திராவிட இயக்கத்தில் நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார், இராமையா அன்பழகன் ஆனார். அப்படி மாங்குளத்துக் கல்லில் இருந்த பெயர் இருபது நூற்றாண்டுகளுக்கும் மேலான காலத்துக்குப் பின் தமிழக அமைச்சரவைக்குள் வந்தது. பிறந்தபோது வைத்த பெயர் தரும் தாழ்வை மறுத்து, தன் பெயரைத் தானே தேர்ந்துகொள்ளும் உரிமையை இந்த இயக்கங்கள் பொதுமக்களுக்குக் கற்றுக்கொடுத்தன. அது பெரிய விடுதலை. ஆனால் எந்தச் சொல் தமிழ், எந்தச் சொல் வடமொழி என்ற வழக்கு அதோடு முடியவில்லை. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை வெளியிட்ட தமிழ் லெக்சிகன் பரிதி என்பதையே வடசொல்லாகக் காட்டுகிறது. தேவநேயப் பாவாணர் வழி வந்த செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் பேரகரமுதலி, லெக்சிகன் வடசொல் என்று ஒதுக்கிய பல சொற்களுக்குத் தமிழ் வேர் காட்டுகிறது. அதன் திட்டம் 1974இல் தொடங்கியது, முதல் மடலம் 1985இல் வந்தது. பர்ரோவும் எமனோவும் 1961இல் வெளியிட்டு 1984இல் திருத்திய திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி, கன்னடம், தெலுங்கு, மலையாளம், துளு முதலிய மொழிகளின் உறவுச் சொற்களை அருகருகே வைக்கிறது. ஒரே ஒரு நூலைக் கையில் வைத்துக்கொண்டு தீர்ப்புச் சொல்லாமல் மூன்றையும் ஒப்பிட வேண்டும். பல திராவிட மொழிகளில் இனச்சொற்கள் இருந்தால் தமிழ் மூலத்துக்கு வலு கூடும். வடமொழிப் பழம்பனுவல்களில் அதே சொல் அதே பொருளில் இருந்தால் எதிர்த்தரப்புக்கு வலு கூடும்.

இன்றைய பெயர்களில் பிழை மிகுவதற்கு ஒரு காரணம் நட்சத்திர எழுத்து. 27 நட்சத்திரங்கள், ஒவ்வொன்றுக்கும் 4 பாதம், ஆக 108 எழுத்துகள். திருவாதிரைக்கு ங, அஸ்தத்துக்கு ஷ, ண என்றெல்லாம் வருகின்றன. ண என்ற எழுத்தில் எந்தத் தமிழ்ச் சொல்லும் தொடங்காது என்பது இலக்கணம். வடமொழியிலும் அந்த எழுத்துகளில் தொடங்கும் பெயர் கிடைப்பது அருமை. எழுத்தைப் பிடித்துக்கொண்டு ஓசையைப் புனைகிறார்கள், ஓசைக்கு ஏற்ற ஈற்றைச் சேர்க்கிறார்கள், பிறகு யாரோ ஒருவர் அதற்கு ‘இறைவனின் பரிசு’ என்றோ ‘லட்சுமி’ என்றோ பொருள் எழுதிவிடுகிறார். எண்கணிதத்துக்காக ரோமன் எழுத்துகளைக் கூட்டியும் குறைத்தும் எழுதுவதால் குழப்பம் இன்னும் பெருகுகிறது.

ஆரவ் என்ற பெயர் இந்த நிலைமைக்குத் தக்க எடுத்துக்காட்டு. பட்டியல்கள் பல இதற்கு அமைதியானவன் என்று பொருள் தருகின்றன. மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத அகராதியில் ஆரவம் என்றால் கூக்குரல், பேரொலி. தமிழிலும் ஆரவம் ஒலியைத்தான் குறிக்கும். பெயர் ஓசைநயம் கொண்டது, ஆரவாரம் மிக்கது என்று சொல்லி வைக்கலாம், அதில் குறையொன்றும் இல்லை. அமைதி என்ற பொருளுக்கு மட்டும் அகராதிச் சான்று இல்லை.

புதிதாக ஆக்கிய பெயர்கள் எல்லாம் போலி என்று கொள்ள வேண்டியதில்லை. யாழோடு இனி என்ற பெண்பால் ஈற்றைச் சேர்த்து யாழினி ஆக்கியதும், கயலையும் விழியையும் சேர்த்துக் கயல்விழி ஆக்கியதும் தமிழின் ஆக்கமுறைக்குள் அடங்குபவை. இவற்றைச் சரிபார்க்கும்போது பிழை பெரும்பாலும் பொருளில் இருப்பதில்லை, காலத்தில் இருக்கிறது. யாழ் சங்க இலக்கியத்தில் பயின்று வரும் கருவி என்பதற்காக யாழினியைச் சங்ககாலப் பெண்ணின் பெயர் என்று எழுதிவிட முடியாது. இத்தகைய பெயருக்கு ‘தமிழ், தற்கால ஆக்கம், யாழோடு தொடர்புடையவள்’ என்ற குறிப்பு போதும்.